பயத் தையல்

யூனிட்டே நடுங்கும் ஒரு பெரிய நடிகரிடம் போய், "சார், எனக்கு உங்களைக் கண்டால் பயம்" என்று சொன்னவள் அவள். அவளை நான் முதன்முதலாகப் பார்த்தது அன்றைக்குத்தான்.

முந்தைய நாள் எடுத்த காட்சியில் அவருக்கு இடது தோளில் குத்துப்பட்டிருந்தது. அதன் தொடர்ச்சியை எடுக்க வேண்டிய நாளில், ரத்தக்கறைச் சட்டையை விட்டுவிட்டு வேறொன்றை மாட்டிக்கொண்டு நின்றார். இதில்தான் வயிறு தெரியவில்லை என்று அவருக்கு ஒரு நினைப்பு. உதவி இயக்குநர்கள் எல்லாரும் கேரவனுக்கு வெளியே ஆளுக்கொரு திசையைப் பார்த்தபடி நின்றார்கள். உடைகளுக்குப் பொறுப்பான இவள்தான் கறைச் சட்டையைக் கையில் எடுத்துக்கொண்டு படியேறினாள். கதவு திறந்தே இருந்ததால் எங்களுக்கு எல்லாம் கேட்டது. பயமாக இருக்கிறது என்று மலையாளத்தில் சொன்னாள். பிறகு அதே மூச்சில், ஆனால் இந்தச் சட்டை இல்லை, கழற்றுங்கள் என்றாள். அவள் கையில் சட்டை படபடவென்று ஆடியது. அவர் அவளைப் பார்த்தார். அப்புறம் பொத்தானை அவிழ்த்தார்.

இறங்கி வந்தவள் கடைசிப் படியில் உட்கார்ந்துவிட்டாள். கடைத் துணியோடு வந்து பக்கத்தில் நின்ற என்னிடம், "செத்த இங்கயே நில்லு. கால் வரமாட்டேங்கறது" என்றாள்.

நின்றேன். அந்தப் படத்திலிருந்தே அவளுக்கு உதவியாளரானேன். அவள் திருவனந்தபுரத்தில் கரமனை அக்ரஹாரத்துத் தமிழ்ப் பெண். நான் ஆரியசாலையில் துணி மொத்த வியாபாரம் செய்யும் நாஞ்சில் நாட்டுக் குடும்பம். இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது, அதனால் இரண்டாம் நாளே நீ, நான் என்று ஆகிவிட்டது. செண்பகம் என்கிற என் பெயரைச் செம்பா என்று சுருக்கினாள். வீட்டில்கூட என்னை யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை.

லிஃப்டுக்குப் பயம், நாய்க்குப் பயம், தலைக்குமேல் பறக்கும் ட்ரோனுக்குப் பயம். ஜெனரேட்டர் வண்டிப் பக்கம் போகமாட்டாள். படப்பிடிப்புக்கு ஒரு புது வீட்டுக்குப் போனால் எல்லாரும் வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்று பார்ப்பார்கள். அவள் பின்வாசல் எங்கே இருக்கிறது என்று பார்ப்பாள், பூட்டியிருந்தால் சாவிக்காரரைத் தேடிப் பிடிப்பாள். லைட் பையன்களும் டிரைவர்களும், "பேடிக்கண்டா சேச்சி" என்று சிரிப்பார்கள். பயப்படாதே என்று சொல்லிச் சொல்லியே அவளுக்கு அது ஒரு பெயர் மாதிரி ஆகிவிட்டது. அவளும் சிரிப்பாள். "பயப்படாம எப்படி இருக்கறதாக்கும்? சொல்லித் தாங்கோ, கத்துக்கறேன்" என்பாள்.

ஆனால் பயத்துக்காக அவள் எதையும் செய்யாமல் விட்டு நான் பார்க்கவில்லை. பயமாக இருக்கிறது என்று முதலில் உரக்கச் சொல்லுவாள். அப்புறம் போய்ச் செய்துவிட்டு வருவாள். எங்கள் தொழிலில் யாரும் அந்த வார்த்தையை வாயால் சொல்லமாட்டார்கள். தயாரிப்பாளருக்குப் பயந்த இயக்குநர் கத்துவார், இயக்குநருக்குப் பயந்த உதவியாளர் எங்களைப் பார்த்துக் கத்துவார். இவள் மட்டும் அதை வெயில், மழை மாதிரி ஒரு தகவலாகச் சொல்லிவிடுவாள்.

கரமனையில் அவள் வீடு ஒரு சுவரை இரு வீடுகள் பகிர்ந்துகொள்ளும் வரிசையில் இருந்தது. அம்மாவும் அவளும் மட்டும். காலையில் பஸ் நிறுத்தம் வரை வந்துவிட்டு, கேஸை மூடினோமா என்று திரும்பிப் போவாள். மூடித்தான் இருக்கும். ஒருநாள் நானும் கூடப் போனேன். அவள் அம்மா கூடத்தில் வெற்றிலை கிள்ளிக்கொண்டிருந்தார். மகள் அடுக்களைக்குள் ஓடியதைக் காட்டி, "இவ வயத்துல இருக்கறச்சே நான் ஒண்ணுக்கும் பயந்ததில்லை பாத்துக்கோ. அப்பவே மொத்தத்தையும் இவ எடுத்துண்டுட்டாளோ என்னமோ" என்றார்.

அவளோடு பழகப் பழக எனக்கும் அந்தப் பயம் தொற்றிக்கொண்டது. அதுவரை என் கண்ணில் படாத விஷயங்கள் படத் தொடங்கின. கூட்டத்தில் நிற்கும் துணை நடிகையின் துப்பட்டா தரையில் புரள்வது, அதற்கு அருகே யாரோ கற்பூரத் தட்டோடு நடப்பது. இன்றைக்கும் ஒரு கல்யாண மண்டபத்துக்குள் நுழைந்தால் மணமகளின் சேலை விளிம்பு எங்கே கிடக்கிறது என்றுதான் முதலில் பார்க்கிறேன்.

துப்பட்டா விஷயம் சும்மா வந்ததில்லை. நான் சேர்வதற்கு முன்பு ஒரு திருவிழாக் காட்சியில் ஒரு பெண்ணின் முந்தானையில் விளக்கிலிருந்து தீப்பிடித்திருக்கிறது. கீழே விழாமல் இருக்கச் சேலையை ஊசிமேல் ஊசியாகக் குத்தி ரவிக்கையோடு சேர்த்துத் தைத்திருந்தார்கள். பிய்த்தெறிய முடியவில்லை. அந்தப் பெண் பிழைத்துக்கொண்டாள், ஆனால் கழுத்திலிருந்து முழங்கை வரை வெந்துபோயிற்று. ஊசி குத்தியவள் இவள். அப்போது அவளும் ஒரு உதவியாளர்தான், சொன்னதைச் செய்தவள்.

அதற்குப் பிறகு அவள் தைக்கும் எந்த உடுப்பிலும் ஒரு தையல் கூடுதலாக இருக்கும். கொசுவத்தையும் முந்தானையையும் ஒரே ஒரு நீண்ட நூலோட்டத்தில் பிடித்திருப்பாள். நூலின் நுனியில் ஒரு சின்ன மணி. அது இடுப்பில் வலது கைக்கு எட்டும் இடத்தில் உள்பக்கமாக இருக்கும். மணியைப் பிடித்து இழுத்தால் நூல் முழுக்க உருவிக்கொண்டு வந்துவிடும், உடுப்பு கையோடு கழன்றுவிடும். டெய்லர்கள் இதற்குப் பயத் தையல் என்று பெயர் வைத்தார்கள். நடனக் காட்சியில் அவிழ்ந்துவிட்டால் மானம் போய்விடும் என்று நடிகைகள் சண்டைக்கு வருவார்கள். அவள் எதிர்த்துப் பேசமாட்டாள். ஒவ்வொருத்தி கையையும் பிடித்து மணி இருக்கும் இடத்தைத் தொடவைப்பாள். கண்ணை மூடிக்கொண்டு மறுபடி தொடச் சொல்லுவாள். என் கண்முன்னால் ஒரு நடனத்திலும் அது அவிழ்ந்ததில்லை.

அவள் நடிக்க வந்ததும் ஒரு விபத்து மாதிரிதான். கணவன் இறந்த செய்தியோடு வந்த போலீஸ்காரருக்குக் கதவைத் திறக்கும் பெண்ணாக நடிக்க வேண்டியவள் அன்று வரவில்லை. தைத்து வைத்த சேலை இருந்தது, அளவு இவளுக்குச் சரியாக இருந்தது. இயக்குநர் இவளையே கட்டிக்கொண்டு நிற்கச் சொன்னார். பயமாக இருக்கிறது என்றாள். அதுதான் வேண்டும் என்றார் அவர். கதவைத் திறந்தாள். தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்ற ஆளைப் பார்த்தாள். உடனே கதவை மெதுவாக, சத்தம் வராமல் மறுபடி சாத்தினாள். கதையில் அப்படி எழுதியிருக்கவில்லை.

அதிலிருந்து பயந்த பெண் என்றால் அவளைத்தான் கூப்பிட்டார்கள். உடையும் நடிப்புமாக இரண்டு வேலை. பாராட்டினால் கூசிப்போவாள். "நடிக்கறேன்னு சொல்றா. நான் சும்மாத்தான் நிக்கறேன் செம்பா. இவா கேமராவைக் கொண்டுவந்து முன்னாடி வைக்கறா, அவ்வளவுதான்" என்பாள்.

பொன்முடி மலையடிவாரத்துக் கல்லாற்றுக்கு நாங்கள் போனது ஒரு இளம் இயக்குநரின் படத்துக்கு. நல்ல பையன், சினிமாவைத் தவிர வேறு எதுவும் தெரியாது. கதாநாயகியின் நினைவில் வரும் தாய் வேடம் இவளுக்கு. வருவது ஒரே காட்சியில். புகுந்த வீட்டைவிட்டு ஓடிவரும் அந்தக் காலத்துப் பெண், ஆற்றுக்கு நடுவில் ஒரு பாறைமேல் நின்று, அக்கரைக்குப் போவதா திரும்புவதா என்று தவிக்கிறாள். ஒன்பது கஜம் சேலை, முந்தானை நுனியில் முடிந்த இரும்புச் சாவிக்கொத்து. ரவிக்கைக்குள் சின்ன மைக்கை ஒட்டிவிட்டது நான்.

காலையில் டீக்கடைக்காரரிடம் மலைமேல் மழை உண்டா என்று கேட்டாள். பொன்முடிப் பக்கம் மூடிக் கிடக்கிறது என்றார் அவர். வந்து இயக்குநரிடம் சொன்னாள். அவர் ஆற்றுக்குமேல் நீலமாகத் தெளிந்து கிடந்த வானத்தைப் பார்த்தார். ஒரே ஷாட்தான் சேச்சி, பத்து நிமிஷம் என்றார். யாரோ பேடிக்கண்டா என்று சொன்னார்கள், எல்லாரும் சிரித்தார்கள்.

கொசுவம் வைத்துக்கொண்டிருந்தபோது அவள் விரல் ஐஸ் மாதிரி இருந்தது.

"எனக்கு பயமாருக்கு செம்பா."

"அப்போ வேண்டாம்னு சொல்லு. நான் போய் சொல்லட்டா?"

"சொன்னா வேற ஒருத்தியை நிறுத்துவா. அவளுக்கு இதை அவுக்கத் தெரியாது."

முழங்கால் அளவுத் தண்ணீரில் என் கையைப் பிடித்துக்கொண்டு பாறைக்குப் போனாள். நான் கரைக்குத் திரும்பினேன். கேமரா ஓடத் தொடங்கியது.

முதலில் ஆற்றின் சத்தம்தான் மாறியது. அதுவரை சலசலத்தது, பிறகு தொலைவில் லாரி ஏறுவது மாதிரி ஒரு இரைச்சல். நான் கவனிப்பதற்குள் அவள் தலையைத் திருப்பி மலைப்பக்கம் பார்த்தாள். கண்ணாடி போல இருந்த தண்ணீரில் செம்மண் நிறம் கலந்து வந்தது, கூடவே சருகும் சுள்ளியும். மானிட்டருக்கு முன்னால் இயக்குநர் வாயில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவள் முகத்தைப் பார்த்து மெய்மறந்திருந்தார். மற்றவர்களும்தான். தினமும் பயப்படுகிறவள் பயப்படுகிறாள், அதில் என்ன இருக்கிறது?

நான் அவள் கையைப் பார்த்தேன். பயந்தால் அவள் கை நடுங்கும். அப்போது நடுங்கவில்லை. நிதானமாக இடுப்புக்குள் போய் மணியைத் தேடியது.

இழுத்தாள். ஒன்பது கஜமும் அவள் காலடியில் விழுந்தது. ரவிக்கையும் தோல் நிறத்தில் ஒட்டிய உள்ளாடையுமாக, அத்தனை ஆண்களுக்கு முன்னால் அந்த அக்ரஹாரத்துப் பெண் நின்றாள். சேலையின் ஒரு நுனியை இடுப்பில் சுற்றி முடிச்சுப் போட்டாள். சாவிக்கொத்து இருந்த நுனியைச் சுழற்றி என் பக்கம் எறிந்தாள். தண்ணீரில் விழுந்தது. இழுத்தெடுத்து மறுபடி எறிந்தாள். அதற்குள் பாறை முங்கிவிட்டது. சாவிக்கொத்து என் காலடியில் வந்து விழுந்தது.

என் கைக்கு அவ்வளவு பலம் இல்லை என்று எனக்குத் தெரியும். அதனால் சேலையை என் இடுப்பில் சுற்றிக் கட்டினேன். ஒரு மர வேருக்குப் பின்னால் உட்கார்ந்து அதில் காலை ஊன்றிக்கொண்டேன். முடிச்சை இறுக்கிய மறுநொடியே ஆறு அவளை எடுத்துக்கொண்டது.

இடுப்பே இரண்டாக அறுந்துவிடும் போலிருந்தது. வேரிலிருந்து கால் நழுவியது, முழங்காலைப் பாறை சிராய்த்தது. நான் உட்கார்ந்த நிலையிலேயே ஆற்றை நோக்கிப் போய்க்கொண்டிருந்தேன். செத்துப்போவோம் என்று நினைத்தேன். அந்த நினைப்பு வந்ததும் வேறு எதுவும் மனசில் இல்லை, அம்மா முகம்கூட. பழுப்புத் தண்ணீரில் அவள் தலை தெரிந்தது, மறைந்தது, தெரிந்தது. வாய் திறந்து திறந்து மூடியது. என்னைப் பார்த்து ஏதோ கத்துகிறாள். இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை. விடாதே என்று கெஞ்சுகிறாள் என்று நினைத்தேன். பிடிச்சிருக்கேன், பிடிச்சிருக்கேன் என்று நானும் கத்தினேன்.

அதன்பிறகுதான் லைட்காரர்கள் ஓடிவந்து என் தோளைப் பிடித்தார்கள். சேலையை எல்லாரும் சேர்ந்து இழுத்தார்கள். கொஞ்சம் கீழே, கரை ஓரத்து மூங்கில் புதரில் அவளை ஆறு தள்ளிவிட்டது. கேமரா அதுவரை நிற்கவில்லை. நிறுத்து என்று யாரும் சொல்லவில்லை.

டீக்கடைப் பெஞ்சில் யாருடையவோ போர்வையைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பல் கிட்டித்துப் போயிருந்தது. இயக்குநர் வந்து அவள் காலடியில் உட்கார்ந்து அழுதார். மன்னிப்புக் கேட்டார். அந்த அழுகையிலேயே, எல்லாம் பதிவாகியிருக்கிறது சேச்சி, இப்படி ஒன்றை நான் எங்கேயும் பார்த்ததில்லை என்றும் சொன்னார். இரண்டும் உண்மைதான், அதனால்தான் எனக்கு அவரைப் பார்க்கப் பயமாக இருந்தது.

அதை அழித்துவிடுங்கள் என்றாள். அவர் எழுந்து கேமரா பக்கம் போனார்.

சில நாள் கழித்துக் கரமனை வீட்டுக்கு வந்தார். நானும் இருந்தேன், இடுப்புக் காயம் ஆறாமல் சாய்ந்து உட்கார்ந்திருந்தேன். ஒரு மணி நேரம் பேசினார். அது காட்சி இல்லை, உயிர், அதை எப்படி அழிப்பது என்றார். அவள் அம்மா காப்பியை அவர் முன்னால் வைத்துவிட்டு, "இவ சேலை இல்லாம நிக்கறதை ஊர் பாக்கணுமாக்கும்?" என்று தமிழிலேயே கேட்டார். அவருக்குப் புரிந்தது. முகம் சிவந்துவிட்டது. அவள் டம்ளரைப் பிடிக்க முடியாமல் கீழே வைத்தாள். உங்களிடம் பேச எனக்குப் பயமாக இருக்கிறது, நீங்கள் இனி என்னைக் கூப்பிடமாட்டீர்கள், மற்றவர்களிடமும் சொல்லுவீர்கள், ஆனால் அது படத்தில் வரக்கூடாது என்றாள். நான் எங்கேயும் வரக்கூடாது என்று மறுபடி சொன்னாள். அவர் தன் தலையில் கைவைத்து, திரையில் ஒரு இடத்திலும் உங்களைக் காட்டமாட்டேன் என்று சத்தியம் செய்தார்.

அவள் சொன்ன மாதிரியே ஆயிற்று. பிரச்சினைக்காரி என்று பெயர் வந்தது. நடிக்கக் கூப்பிடுவது நின்றது, பிறகு உடை வேலைக்கும் கூப்பிடவில்லை. இப்போது அவள் கோயம்புத்தூரில் தம்பி வீட்டுக்குப் பக்கத்தில் அம்மாவோடு இருக்கிறாள். நாட்டியம் ஆடும் பெண்களுக்கு உடுப்புத் தைக்கிறாள். எப்போதாவது போனில் பேசுவோம். நானும் சினிமாவை விட்டு அப்பா கடைக்கே வந்துவிட்டேன்.

அந்தப் படம் வெளியானபோது அவள் இன்னும் திருவனந்தபுரத்தில்தான் இருந்தாள். போய்ப் பார்த்துவிடுவோம் என்று அவள்தான் சொன்னாள். எனக்கு மனசில்லை. அந்தப் பையன் சொன்ன சொல்லைக் காப்பாற்றினானா இல்லையா என்று பார்க்க முந்நூறு பேருக்கு நடுவில் போய் உட்கார வேண்டுமா என்று கேட்டேன். பகல் காட்சிக்குப் போனோம். வெளியே போகும் கதவுக்குப் பக்கத்து இருக்கைகளாகக் கேட்டு வாங்கினாள். படம் ஓட ஓட ஒவ்வொரு முறை தண்ணீர் தெரியும்போதும் என் கை இருக்கையின் கைப்பிடியை இறுக்கியது. அவள் ஆடாமல் உட்கார்ந்திருந்தாள்.

இடைவேளைக்குப் பிறகு வந்தது. தாயாக வேறொரு நடிகை. கரையில் நிற்கிறாள், தண்ணீரில் காலை வைக்கிறாள். அடுத்தது ஆறு. வெறும் ஆறு. ஆளில்லாத பாறையில் செம்மண் தண்ணீர் ஏறுகிறது. சொன்னபடியே செய்திருக்கிறான் என்று மூச்சு விட்டேன். அவள் எங்கேயும் இல்லை.

அப்போது அந்த இரைச்சலுக்கு அடியிலிருந்து ஒரு பெண் குரல் வந்தது.

தியேட்டர் அடங்கிவிட்டது. பின்வரிசையில் யாரோ ஒரு அம்மாள் தெய்வத்தைக் கூப்பிட்டார். அவர்களுக்கு அது தண்ணீரில் போகிற ஒருத்தியின் அலறல், அவ்வளவுதான். வார்த்தை பிரிந்து கேட்டிருக்காது, கேட்டாலும் அந்த அக்ரஹாரத்துத் தமிழ் விளங்கியிருக்காது. அவள் ரவிக்கைக்குள் நான் ஒட்டிய மைக்கில் பதிவான குரல் எனக்கு ஒவ்வொரு வார்த்தையாகக் கேட்டது.

"செம்பா, விட்டுடுடீ. முடிச்சை அவுத்துடு. நீயும் வந்துடுவே. விட்டுடு செம்பா, விட்டுடு."

நான் எழுந்து நின்றுவிட்டேன். எப்போது எழுந்தேன் என்று தெரியவில்லை. "பிடிச்சிருக்கேன்" என்று சொல்லியும் இருக்கிறேன், ஏனென்றால் முன்வரிசையில் தலைகள் திரும்பின. அவள் என் மணிக்கட்டைப் பிடித்துக் கீழே இழுத்து உட்கார வைத்தாள். அவள் கை சூடாக இருந்தது, நடுங்கியது என் கைதான்.

"சத்தத்தையும் எடுக்கச் சொல்லணும்னு எனக்குத் தோணலைடீ" என்றாள் மெதுவாக. "நீ கேட்டுடக் கூடாதுன்னு நினைச்சிருந்தேன்."

"விடாதேன்னு நீ சொல்லுதேன்னுல்லா நான் நெனச்சேன்."

அவள் இல்லை என்று தலையசைத்தாள்.

"கேட்டிருந்தாலும் விட்டிருப்பனா?" என்றேன்.

"நீ விடமாட்டேன்னு தெரியும். அன்னிக்கு எனக்கு அது ஒண்ணுதான் பயம்."

சொல்லிவிட்டுத் திரைப் பக்கம் திரும்பிக்கொண்டாள். அங்கே தண்ணீர் இன்னும் ஏறிக்கொண்டிருந்தது. என் மணிக்கட்டை அவள் விடவில்லை.